புல்லரிப்பு ஏன் வருகிறது, பேய்க்கதை ஏன் இனிக்கிறது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பிள்ளைகளுக்கு ஒரு பேய்க்கதை சொல்லிப் பாருங்கள், கதை முடிந்ததும் கேள்விகள் ஆரம்பிக்கும். பேய்க்குக் கால் உண்டா என்பதில் தொடங்கி, 'ஏன் கையில முடியெல்லாம் நிக்குது' என்பது வரை. அக்கா பிள்ளைகள், பக்கத்து வீட்டுப் பிள்ளைகள், அவர்களைப் பெற்றவர்கள் என்று பலரும் கேட்டதையெல்லாம் சேர்த்து இங்கே எழுதியிருக்கிறேன். நான் டாக்டர் இல்லை. சிவகங்கைப் பக்கம் ஒரு கண்மாய்க்கரை ஊரில் அப்பத்தாவிடம் கதை கேட்டு வளர்ந்தவன், இப்போது அதே கதைகளைச் சொல்லிக்கொண்டிருப்பவன், அவ்வளவுதான்.

புல்லரிக்கும்போது உடம்பில் என்னதான் நடக்கிறது?

உடம்பில் இருக்கும் ஏறக்குறைய ஒவ்வொரு மயிர்க்காலிலும் ஒரு நூலிழை மாதிரி குட்டித் தசை சாய்வாக ஒட்டிக்கொண்டிருக்கிறது. அது சுருங்கினால், படுத்திருக்கும் முடி எழுந்து நிற்கும். முடியைச் சுற்றியிருக்கும் தோல் மேலே புடைக்கும். அந்தப் புடைப்புதான் நாம் பார்க்கும் புள்ளி. கை, கால் தசை மாதிரி நாம் நினைத்தால் அசைக்கக்கூடிய தசை இல்லை இது. குடலில் இருப்பது போன்ற, தன்பாட்டுக்கு வேலை செய்கிற ரகம். இதற்கு உத்தரவு போடுவது பரிவு நரம்பு மண்டலம். ஆபத்து என்றால் நெஞ்சைப் படபடக்க வைப்பதும், உள்ளங்கையை வியர்க்க வைப்பதும், கண்மணியை விரிப்பதும் இதே ஆள்தான். சண்டைக்கும் ஓட்டத்துக்கும் உடம்பைத் தயார் செய்கிற நரம்புக்குப் பாடப்புத்தகத்தில் 'பரிவு' என்று பெயர் வைத்திருக்கிறார்கள், படிக்கிற காலத்திலிருந்தே எனக்கு இதில் ஒரு சிரிப்பு உண்டு.

உள்ளங்கையிலும் உள்ளங்காலிலும் புல்லரிக்காது. அங்கே மயிர்க்காலே கிடையாது.

நமக்குத்தான் உடம்பில் அவ்வளவு முடியே இல்லையே, பிறகு எதற்கு இது?

இதற்குப் பதில் உங்கள் தெருவிலேயே இருக்கிறது. அறியாத நாய் ஒன்று வீதிக்குள் வந்ததும் நம்ம தெரு நாய் நிற்பதைக் கவனித்திருக்கிறீர்களா? கழுத்திலிருந்து முதுகு வரை முடி சிலிர்த்துக்கொண்டு நிற்கும், அரை நாய் ஒன்றரை நாயாகத் தெரியும். பூனை முதுகை வளைத்து வாலைப் புட்டி கழுவும் பிரஷ் மாதிரி ஆக்கிக்கொள்வதும் அதற்குத்தான்: நான் பெரிய ஆள், கிட்டே வராதே. முள்ளம்பன்றியின் முள்ளும் தடித்துப்போன முடிதான், அது சிலிர்ப்பதும் இதே ஏற்பாடுதான். குளிரில் வேறு பயன். முடி எழுந்து நின்றால் இடையில் காற்று சிக்கிக்கொள்ளும், அது போர்வை மாதிரி உடம்புச் சூட்டை உள்ளேயே வைத்திருக்கும்.

நம் முன்னோருக்கு உடம்பெல்லாம் முடி இருந்தபோது இந்த இரண்டு வேலையும் நடந்திருக்கும். இப்போது முடி போய்விட்டது, தசை போகவில்லை. டார்வின் 1872-ல் உணர்ச்சிகளின் வெளிப்பாடு பற்றி ஒரு புத்தகமே எழுதினார். அதில் விலங்குகளும் மனிதரும் பயத்தில் முடி சிலிர்ப்பதற்குக் கணிசமான பக்கங்கள் ஒதுக்கியிருக்கிறார். ஆக, பேய்க்கதை கேட்கும்போது உங்கள் கையில் நடப்பது, இல்லாத ரோமத்தைச் சிலிர்த்துக்கொண்டு அந்தப் பேயை மிரட்டுகிற முயற்சி. பேய் பயந்துவிடப் போகிறது பாவம்.

குளிருக்கும் பயத்துக்கும் உடம்பு ஒரே வேலையைச் செய்கிறதே, அதற்கு வித்தியாசம் தெரியாதா?

மூளைக்குத் தெரியும். தோலுக்குத் தெரியாது. தசைக்கு வந்து சேர்வது ஒரே நரம்பு, ஒரே செய்தி: சுருங்கு. அனுப்பியது குளிரா, பயமா, பரவசமா என்று அது கேட்பதில்லை.

எங்கள் அப்பத்தா இதைப் படிக்காமலே தெரிந்துவைத்திருந்தது. கரண்டு போன ராத்திரிகளில் திண்ணையில் உட்கார்ந்து கதை சொல்லும், கையில் வெற்றிலைப் பை. ரெண்டாம் ஆட்டம் படம் பார்த்துவிட்டு ஒருத்தன் கண்மாய்க்கரை வழியாகத் தனியாக நடந்து வருகிறான். புளியமரத்தைத் தாண்டும்போது பின்னாலிருந்து ஒரு பொம்பளைக் குரல்: 'அண்ணே... கொஞ்சம் சுண்ணாம்பு இருக்கா?' திரும்பிப் பார்க்கக் கூடாது, கையால் கொடுக்கக் கூடாது, கொடுத்தால் கையோடு பிடித்துக்கொள்ளும், இரும்பில் வைத்துத்தான் நீட்ட வேண்டும் என்பதெல்லாம் எங்களுக்கு மனப்பாடம். இருந்தும் அந்த 'அண்ணே' வரும்போது மூச்சு விடமாட்டோம். அப்பத்தா பேசிக்கொண்டே டப்பியைத் திறந்து ஆள்காட்டி விரலில் சுண்ணாம்பைத் தொட்டிருக்கும், நாங்கள் பார்த்திருக்க மாட்டோம். பேய் கையை நீட்டுகிற இடத்தில், சில்லென்று ஈரச் சுண்ணாம்பு யாராவது ஒருத்தன் பிடரியில். தலையிலிருந்து கால் வரை ஒரு சிலிர்ப்பு ஓடும் பாருங்கள். பயத்தில் பாதி, குளிர்ச்சியில் பாதி, எது எது என்று இன்றுவரை என்னால் பிரிக்க முடியவில்லை. அப்புறம் முந்தானையால் துடைத்துவிடும், இல்லாவிட்டால் சுண்ணாம்பு அரித்துவிடுமே.

சரி, அப்படியென்றால் இது ஒன்றுக்கும் உதவாத மிச்சம் மீதியா?

ரொம்ப நாள் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தார்கள். 2020-ல் ஹார்வர்டு பல்கலைக்கழகமும் தைவான் தேசியப் பல்கலைக்கழகமும் சேர்ந்து எலிகளில் செய்த ஆய்வு வேறு ஒரு விஷயத்தைக் காட்டியது. அந்தப் பரிவு நரம்பு தசையோடு நிற்பதில்லை, புது முடியை உண்டாக்கும் குருத்தணுக்களையும் நேரடியாகத் தொட்டுக்கொண்டிருக்கிறது. தசைதான் நரம்பை அங்கே கொண்டுபோய்ச் சேர்க்கும் பாலம். தசையை எடுத்துவிட்டால் நரம்பு குருத்தணுவோடு தொடர்பை இழந்துவிடுகிறது. குளிர் கொஞ்ச நேரம் என்றால் முடி நிற்கும், நாள்கணக்கில் நீடித்தால் நரம்பு அந்த அணுக்களை எழுப்பிவிட்டுப் புது முடி முளைக்கத் தொடங்கும். குளிருக்கு உடனடி ஏற்பாடு ஒன்று, நிரந்தர ஏற்பாடு ஒன்று, இரண்டுக்கும் ஒரே கம்பி. எலியில் பார்த்தது இது. அதனால் வழுக்கைக்குப் பேய்ப்படம் பார்க்கலாமா என்று கேட்காதீர்கள், ஏற்கெனவே ஒரு சித்தப்பா கேட்டுவிட்டார்.

பயமே இல்லாமல், நல்ல பாட்டு கேட்டாலும் புல்லரிக்கிறதே?

ஆமாம், எனக்கு உடுக்கைச் சத்தம். திருவிழாவில் தூரத்திலிருந்து உடுக்கையும் பம்பையும் நெருங்கி வந்து, நடுவில் பெண்கள் குலவை போட்டால் போதும். பாட்டில் இது எங்கே வரும் என்பதை ஆராய்ந்தவர்கள் சொல்வது, எதிர்பார்ப்பு மீறும் இடங்களில்: திடீரென்று சத்தம் ஏறுவது, தனிக்குரலோடு கூட்டுக்குரல் சேர்வது, ஒரு புது வாத்தியம் நுழைவது. கனடாவில் மாண்ட்ரியலில் 2011-ல் செய்த ஆய்வில், பாட்டுக்குப் புல்லரிக்கிறவர்களின் மூளையைப் படமெடுத்துப் பார்த்தார்கள். உச்ச இடத்தில் டோபமைன் என்ற, இன்பத்தோடு தொடர்புடைய மூளை வேதிப்பொருள் சுரக்கிறது. அதைவிட ருசியான சேதி, உச்சம் வரப்போகிறது என்று காத்திருக்கும்போதே மூளையின் இன்னொரு பகுதியில் சுரக்க ஆரம்பித்துவிடுகிறது. 'இப்ப வரும் பாரு, இப்ப வரும் பாரு' என்று நண்பன் தோளில் தட்டுவானே, அந்த நேரத்தில்.

நம் ஆட்கள் இதையெல்லாம் எப்போதோ கவனித்திருக்கிறார்கள். திருவாசகத்தில் மாணிக்கவாசகர் 'மெய்தான் அரும்பி விதிர்விதிர்த்து' என்கிறார். உடம்பு அரும்பு விடுகிறதாம். புல்லரித்த கையை ஒருமுறை உற்றுப் பார்த்துவிட்டு இந்த வரியைப் படியுங்கள். தொல்காப்பியத்தில், உணர்ச்சிகள் உடம்பில் வெளிப்படுவதைச் சொல்லும் மெய்ப்பாட்டியல் என்ற பகுதி, அச்சத்தை ஒரு கணக்கிலும், வியப்பை 'மருட்கை' என்று இன்னொரு கணக்கிலும் வைக்கிறது. மனசுக்கு இரண்டு கணக்கு, தோலுக்கு ஒரே கணக்கு.

எவர்சில்வர் தட்டில் கரண்டி கீறினால் வருவதும் இதுதானா?

இதேதான், பல் கூச்சம் கூடுதல் இணைப்பு. ஏறக்குறைய 2000 முதல் 5000 ஹெர்ட்ஸ் வரையிலான சத்தங்கள் மனிதக் காதுக்கு மிக எரிச்சல் தருபவை என்று ஆய்வுகள் சொல்கின்றன. கரும்பலகையில் நகம், தட்டில் கரண்டி, குழந்தையின் வீறிட்ட அழுகை எல்லாம் அந்தப் பக்கம்தான் வரும்.

எல்லாருக்கும் வருமா? நினைத்தபோது வரவழைக்க முடியுமா?

குளிருக்கு அநேகமாக எல்லாருக்கும் வரும். பாட்டுக்கும் கதைக்கும் வருவது ஆளுக்கு ஆள் மாறும், சிலருக்கு வரவே வராது, அது குறை இல்லை. நினைத்தவுடன் கையில் முடியை நிறுத்தக்கூடியவர்களும் அபூர்வமாக இருக்கிறார்கள்; அப்படிப்பட்ட 32 பேரை வைத்து 2018-ல் ஒரு ஆய்வுக் கட்டுரையே வந்தது. எப்படிச் செய்கிறீர்கள் என்று கேட்டால், தலைக்குப் பின்னால் எங்கேயோ ஒரு தசையை இறுக்குகிற மாதிரி என்கிறார்கள் பலர். நான் முயற்சி செய்தேன், காதுதான் ஆடியது.

என் கைப்புறத்தில் எப்போதும் புள்ளி புள்ளியாகவே இருக்கிறது, குளிரவும் இல்லை, பயமும் இல்லை.

அது பெரும்பாலும் புல்லரிப்பு இல்லை. கெரட்டோசிஸ் பிலாரிஸ் என்று பெயர், மயிர்க்கால் வாயில் கெரட்டின் என்ற தோல் புரதம் அடைத்துக்கொள்வதால் சொரசொரவென்று இருக்கும். மேல்கையிலும் தொடையிலும் அதிகம். தீங்கில்லாதது, ஒட்டாது, உறுத்தினால் தோல் டாக்டரிடம் காட்டுங்கள். ஆனால் முதுகுத்தண்டில் அடிபட்டவர்களுக்குத் திடீரென்று புல்லரித்து, மண்டை பிளக்கிற தலைவலியும் இரத்த அழுத்த உயர்வும் வந்தால் அது அவசரம், உடனே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும்.

செத்த உடம்புக்குப் புல்லரிக்கும் என்கிறார்களே, கதையா?

இதைக் கேட்டது ஒன்பது வயதுப் பெண். கதை இல்லை. இறந்தபின் உடம்புத் தசைகள் விறைக்கும்போது அந்தக் குட்டித் தசைகளும் விறைத்துக்கொள்ளும், தோலில் புள்ளிகள் எழும். செத்தவருக்கு முடியும் நகமும் வளரும் என்பதுதான் கட்டுக்கதை. தோல் வற்றிச் சுருங்குவதால் நீண்ட மாதிரி தெரிகிறது. நான் இதைச் சொன்னதும் அந்தப் பெண் கையை நீட்டிக் காட்டினாள், புல்லரித்திருந்தது. ரொம்பத் திருப்தியாக இருந்தாள்.

இங்கிலீஷில் கூஸ்பம்ப்ஸ், அதாவது வாத்துப் புள்ளி என்கிறார்களே, ஏன் வாத்து? தமிழில் ஏன் புல்?

இறகு பிடுங்கிய வாத்தின் தோல் அப்படித்தான் இருக்கும். ஜெர்மன்காரருக்கும் வாத்துத் தோல், பிரெஞ்சுக்காரருக்குக் கோழி. நாட்டுக்கோழியை வெந்நீரில் முக்கி இறகைப் பிடுங்கி மஞ்சள் தடவி நெருப்பில் வாட்டுவதற்கு முன் பார்த்தவர்களுக்கு விளக்கமே வேண்டாம். நமக்கு மெய்சிலிர்ப்பு, மயிர்க்கூச்செறிதல், ரோமாஞ்சனம் என்று ஒரு பட்டியலே இருக்கிறது. இதில் புல்லரிப்புக்கு மட்டும் ஒரு தனி வாழ்க்கை. 'அப்படியே புல்லரிக்குதுப்பா' என்று யாராவது சொன்னால் பாதி நேரம் கிண்டல் செய்கிறார்கள் என்றுதான் பொருள், 'பாத்து, மாடு மேஞ்சிரப் போவுது' என்ற பதிலும் தயாராக இருக்கும். நிஜமாகவே சிலிர்த்தவர்கள் இப்போது கூஸ்பம்ப்ஸ் என்கிறார்கள், கிண்டலுக்குப் பயந்து தமிழை விட்டுவிட்டார்கள் போல.

பயமாயிருக்கு என்று சொல்லிக்கொண்டே பிள்ளைகள் ஏன் அதே கதையைத் திரும்பக் கேட்கிறார்கள்?

நான் அதிகம் யோசித்த கேள்வி இதுதான். கைக்குழந்தையை மேலே தூக்கிப் போட்டுப் பிடித்தால் முதலில் அதன் முகம் திகைக்கும், கைக்கு வந்ததும் கெக்கெக்கே என்று சிரிக்கும், மறுபடி போடு என்று கையை நீட்டும். பேய்க்கதையும் அந்தத் தூக்கிப்போடுதல்தான். பிடிக்க ஒரு கை இருக்கிறது என்று தெரிந்தால் மட்டுமே அது விளையாட்டு. நெஞ்சு படபடக்கிறது, முடி நிற்கிறது, உடம்பு நிஜ ஆபத்துக்குத் தயாராகிவிட்டது. ஆனால் ஆபத்து இல்லை என்று மூளைக்குத் தெரியும். மூட்டிய அடுப்பு உடனே அணையாது, அந்தச் சூட்டிலேயே நிம்மதி வருவதால் நிம்மதியும் சாதாரண நிம்மதியாக இருப்பதில்லை.

அதே கதை ஏன்? முடிவு தெரிந்திருப்பதுதான் பிடிமானம். ஒரு வரியை விட்டுவிட்டுச் சொல்லிப் பாருங்கள், 'இல்ல, அப்ப நாய் குலைச்சுச்சு' என்று திருத்துவார்கள். பேயை இப்போது அவர்கள்தான் ஓட்டுகிறார்கள்.

டென்மார்க்கின் ஆர்ஹூஸ் பல்கலைக்கழகத்தில் விளையாட்டாகப் பயப்படுவதை ஆராயவே ஒரு குழு இருக்கிறது. பேய்வீட்டுக்குள் போகிறவர்களுக்கு இதயத் துடிப்பை அளக்கும் கருவி மாட்டி அனுப்பி, 2020-ல் முடிவை வெளியிட்டார்கள். பயம் குறைந்தால் சலிப்பு, கூடினால் வெறுப்பு, நடுவில் ஓரிடத்தில்தான் ருசி. உப்பு மாதிரி.

மற்ற நாட்டுப் பிள்ளைகளுக்கும் இப்படித்தானா?

அமெரிக்காவில் 1992-ல் ஆர்.எல். ஸ்டைன் தொடங்கிய பிள்ளைகளுக்கான திகில் கதை வரிசைக்குப் பெயரே கூஸ்பம்ப்ஸ்தான். 1997-க்குள் 62 புத்தகங்கள், கோடிக்கணக்கில் விற்றன, பள்ளி நூலகங்களிலிருந்து எடுக்கச் சொல்லிப் பெற்றோர் சிலர் சண்டையும் போட்டார்கள். அத்தியாயம் முடியும் இடத்தில் பயமுறுத்திவிட்டு, அடுத்த அத்தியாயத்தின் முதல் வரியிலேயே 'அது பூனைதான்' என்கிற மாதிரி காற்றைப் பிடுங்கிவிடுவார். நம் பாட்டிமார் செய்வதும் அதுதானே.

எனக்குப் பிடித்தது ஜெர்மனியின் கிரிம் சகோதரர்கள் தொகுத்த நாட்டார் கதை ஒன்று. ஒரு பையனுக்குச் சிலிர்ப்பு என்றால் என்னவென்றே தெரியாது. கற்றுக்கொண்டே தீருவேன் என்று கிளம்புகிறான். தூக்கு மரத்தடியில் ஓர் இரவு, தொங்கும் பிணங்களுக்குக் குளிருமே என்று இறக்கி நெருப்பருகே உட்கார வைக்கிறான். பேய்க் கோட்டையில் மூன்று இரவு, மண்டையோடு உருட்டி விளையாடுகிறான். ஒன்றும் ஆகவில்லை. இளவரசியைக் கல்யாணம் செய்துகொண்ட பிறகும் 'எனக்குச் சிலிர்க்கவே மாட்டேங்குது' என்று ஒரே புலம்பல். கடைசியில் அவள் ஒரு ராத்திரி, தூங்குகிறவன் மேல் ஓடைத் தண்ணீரைக் குட்டி மீன்களோடு வாளியோடு கவிழ்க்கிறாள். இப்பத் தெரியுது சிலிர்ப்புன்னா என்னன்னு என்று எழுந்து உட்காருகிறான். அப்பத்தாவின் சுண்ணாம்பு விரல் நினைவுக்கு வராமல் இந்தக் கதையை என்னால் படிக்க முடிந்ததில்லை.

பூச்சாண்டி வருவான் என்று சொல்லிச் சோறு ஊட்டுவதும் பேய்க்கதைதானே?

இல்லவே இல்லை. இதில் நான் கொஞ்சம் கறார். பேய்க்கதைக்கு முடிவு உண்டு, பூச்சாண்டிக்கு முடிவு கிடையாது. கதையில் பிள்ளை உங்கள் மடியில், பேய் வெளியில். 'சாப்பிடல, பிடிச்சுக் குடுத்துருவேன்' என்றால் நீங்களும் பேய் பக்கம் போய்விடுகிறீர்கள், பிள்ளை தனியாக நிற்கிறது. தூக்கிப் போட்டுவிட்டுப் பிடிக்காமல் விடுகிற மாதிரி. எனக்குச் சாக்குப்பைக்காரன் என்று சொல்லி வைத்திருந்தார்கள். வயிற்றுப்பாட்டுக்குப் பழைய இரும்பு எடுக்க வந்த ஒரு மனுஷனைப் பார்த்து நான் அரிசிப் பானைக்குப் பின்னால் ஒளிந்து அரைமணி நேரம் மூச்சுப் பிடித்திருக்கிறேன். அதில் புல்லரித்ததா என்றுகூட நினைவில்லை, டவுசர் நனைந்தது நினைவிருக்கிறது. அந்தச் சுண்ணாம்புப் பேயை இன்றும் எனக்குப் பிடிக்கும், சாக்குப்பையைப் பிடிக்காது.

தொல்காப்பியம் அச்சத்துக்கு நான்கு காரணம் சொல்கிறது: அணங்கு, விலங்கு, கள்வர், இறை. பேய், புலி, திருடன், அப்புறம் நமக்கு மேலே அதிகாரத்தில் இருப்பவர். முதல் மூன்றையும் வைத்து எவ்வளவு கதை வேண்டுமானாலும் சொல்லலாம். நான்காவதாக நாமே ஆகிவிடக் கூடாது.

எந்த வயதில் சொல்ல ஆரம்பிக்கலாம்?

மூன்று வயதில் நிஜம் எது, கதை எது என்ற கோடு அழுத்தமாக இருக்காது, இருட்டும் கட்டிலுக்கு அடியும் உண்மையிலேயே பயம் தரும். அப்போது நரி ஏமாந்த கதை போதும். ஏழெட்டு வயதில் தாராளமாகப் பேயை இறக்கலாம். ஆனால் வயதைவிட முகத்தைப் பாருங்கள்: கண்ணை மூடிக்கொண்டு விரல் இடுக்கில் பார்க்கிற பிள்ளைக்குச் சொல்லலாம், அப்படியே உறைந்து உட்கார்ந்திருக்கிற பிள்ளைக்கு அங்கேயே நிறுத்தி, பேய்க்கு ஜலதோஷம் பிடிக்க வைத்துத் தும்ம விடுங்கள். கதை கேட்டு வாரக்கணக்கில் தூங்காமல், தனியாகக் கழிப்பறைக்குக்கூடப் போகாமல் இருந்தால் கதையை நிறுத்திவிட்டு என்ன உறுத்துகிறது என்று பேச வேண்டும்; பல சமயம் பேய் இல்லை, பள்ளிக்கூடத்தில் ஏதோ இருக்கும்.

கைப்பேசியில் திகில் வீடியோ காட்டுவதற்கு என் ஓட்டு கிடையாது. காதால் கேட்கும் பிள்ளை தன்னால் தாங்கக்கூடிய அளவுக்குத்தான் பேயை வளர்த்துக்கொள்ளும், திரையில் வரும் பேயின் அளவு வேறு யாரோ முடிவு செய்தது.

பேய்க்கதை கேட்டால் தைரியம் வளருமா?

வளரும் என்று சத்தியம் செய்ய மாட்டேன். கொரோனா காலத்தில் எடுத்த ஓர் ஆய்வில், திகில் படப் பிரியர்கள் மற்றவர்களைவிட மனக்கலக்கம் குறைவாக இருந்தது தெரிந்தது. படம் பார்த்ததால் அப்படி ஆனார்களா, அப்படிப்பட்டவர்கள்தான் படம் பார்க்கிறார்களா, தெரிந்தவர்கள் சண்டை போட்டுக்கொள்ளட்டும். என் அனுபவத்தில், பயம் உடம்பில் ஏறி இறங்கும் என்பது பிள்ளைக்குப் பழகுகிறது. ஏறியது இறங்கும் என்று தெரிவது சின்ன விஷயம் இல்லை.

அந்தச் சுண்ணாம்புக் கதையைப் பாதியில் விட்டுவிட்டீர்களே, அவன் என்ன ஆனான்?

மறக்கவில்லை. அவன் திரும்பிப் பார்க்கவில்லை. மடியில் இருந்த பாக்குவெட்டியை எடுத்து, அதன் நுனியில் சுண்ணாம்பைத் தடவி, முன்னால் பார்த்தபடியே தோளுக்கு மேலே பின்பக்கமாக நீட்டினான். இந்த இடத்தில்தான் பிடரியில் அந்த விரல் விழும், நாங்கள் அலறுவோம், உள்ளேயிருந்து அம்மா 'பிள்ளைகளத் தூங்க விடுங்க அத்தை' என்று சத்தம் போடும். அப்பத்தா வெற்றிலையை ஒருபக்கக் கன்னத்துக்குத் தள்ளிக்கொண்டு, எங்கள் அலறல் அடங்கும்வரை காத்திருந்துவிட்டு முடிக்கும். சுண்ணாம்பை வழித்துக்கொண்ட பேய் கொஞ்ச தூரம் பின்னாலேயே வந்ததாம். கொலுசுச் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்ததாம். ஊர் எல்லை வந்ததும் ரொம்பத் தயக்கமாக, 'அண்ணே, வெத்தலையும் இருக்கா?' என்றதாம்.